ரோஜா அக்காவின் இரண்டாம் பாகம்

எனக்கு இங்கிலீஷ் படம் ஆகாது. அதிலும் ஆகாயத்தில் பறக்கிற படம் என்றால் அடியோடு ஆகாது. தகரத்தில் சட்டை போட்டுக்கொண்டு நாலு பேர் நடப்பார்கள், ஒருத்தன் ஏதோ ஒரு பட்டனை அமுக்குவான், எங்கேயோ ஓர் ஊரே வெடிக்கும். அப்படி ஒரு படத்துக்காக ரோஜா அக்கா கடைக்கு லீவு சொல்லிவிட்டுப் போனாள். பார்த்துவிட்டுப் பேசாமல் திரும்பியிருந்தால் எனக்கு இதை எழுதும் வேலையே வந்திருக்காது. தியேட்டர்காரர்களோடு சண்டை போட்டுவிட்டாள்.

விழுப்புரத்தில் ஒரு ஜவுளிக்கடையில் நாங்கள் இரண்டு பேரும் வேலை செய்கிறோம். நான் பில் போடும் இடத்தில் உட்கார்ந்திருப்பேன். ரோஜா அக்கா பிளவுஸ் பிட் பிரிவில் நிற்பாள். கடை திறந்ததிலிருந்து மூடும்வரை நின்றுகொண்டேதான் இருப்பாள். ஐம்பதைத் தாண்டியவள், ஒல்லி, அளந்து பேசுகிறவள். புடவையோடு வரும் பெண்கள் அவளைத்தான் கேட்பார்கள். முந்தானையை ஒரு தரம் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, பின்னால் அடுக்கியிருப்பதிலிருந்து ஒரு துணியை உருவிப் போடுவாள். பெரும்பாலும் அதுவே முடிந்துவிடும். "இது வாணாங்க, ரெண்டு தண்ணிக்கு மேல தாங்காது" என்று வாடிக்கையாளரிடமே சொல்லி முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொள்வதும் உண்டு.

அவள்மேல் எனக்கு நெடுநாளாக ஒரு கோபம். திண்டிவனத்திலிருந்து தினமும் ரயிலில் வந்து போகிறாள். காலையில் நெரிசலில் நின்றுகொண்டு வந்து, கடையில் நின்று, மறுபடி நின்றுகொண்டே போவாள். எங்கள் வீட்டு மாடியில் ஓர் அறை சும்மா கிடக்கிறது. வந்து இரு என்று எத்தனையோ தரம் சொல்லிவிட்டேன். என் மாமியாருக்கு யார் என்ன சாதி, எந்தக் கோயில் என்கிற ஆராய்ச்சி அதிகம். அதை நான் பார்த்துக்கொள்கிறேன் என்றும் சொன்னேன். சிரிப்பாள்.

"வூட்ட வுட்டுட்டு எப்பிடிம்மா வர்றது?" என்பாள்.

ஏதோ அரண்மனை மாதிரி! ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் ஒற்றை அறை. வாடகை வீடு. மழை வந்தால் அடுப்பு மூலையில் குடம் வைக்கவேண்டும். அந்த வீட்டில் அவள் தனியாக இருக்கிறாள். வேலை முடிந்து போய்க் கதவைத் திறந்ததும் "வந்துட்டேன்" என்று சொல்லிவிட்டுத்தான் உள்ளே நுழைவாளாம். யாரிடம் என்று கேட்டேன். "சும்மா, வாய்ப்பழக்கம்" என்றாள். நான் பாதிச் சோற்றோடு டப்பாவை மூடிவைத்தேன். அவள் பாட்டுக்கு டப்பாவைக் கழுவ எழுந்துபோய்விட்டாள்.

காரணம் சின்னதுரை. அக்காவின் வீட்டுக்காரன். திண்டிவனத்தில் ஒரு தியேட்டரில் இரண்டாவது ஆப்பரேட்டராக இருந்தவன். கல்யாணமாகி அந்த ஒற்றை அறைக்குத்தான் அக்காவைக் கூட்டிவந்தான். ஒன்றரை வருஷம் குடும்பம் நடத்தினார்கள். பிறகு துபாய்க்கு ஆள் எடுக்கிறார்கள் என்று யாரோ ஒரு ஏஜெண்டு சொல்ல, பம்பாய்க்கு ரயில் ஏறினான். அங்கிருந்து அக்கா வீட்டுக்குப் பக்கத்து மருந்துக்கடைக்கு ஒரு போன் வந்தது. ஓடிப்போய் எடுத்தாள். "நாளைக்கு ஏத்தறாங்களாம். போய்ச் சேந்ததும் பேசறேன்" என்றான். அவ்வளவுதான். அதற்குப் பிறகு போனும் இல்லை, கடிதாசும் இல்லை. அவனுடைய அண்ணன் ஆரோக்கியராஜ் பம்பாய்வரை போய்த் தேடினார். ஏஜெண்டு ஆபீஸ் இருந்த இடத்தில் வேறு யாரோ செருப்புக்கடை வைத்திருந்தார்கள். போலீஸில் எழுதிக்கொடுத்தார்கள். முப்பது வருஷம் ஆகப்போகிறது.

அந்த மருந்துக்கடை இப்போது செல்போன் கடை. வீட்டுச் சொந்தக்காரர்கூட மாறிவிட்டார். ஆனால் சின்னதுரைக்குத் தெரிந்த கதவு அது ஒன்றுதானே என்று அக்கா அங்கேயே இருக்கிறாள். இதைச் சொல்லும்போது அவள் அழுததே இல்லை. பஸ் கொஞ்சம் லேட் என்று சொல்கிற மாதிரி சொல்வாள். எனக்குத்தான் எரிச்சலாக வரும்.

இதில் வருஷத்துக்கு ஒரு தரம் தகராறு வேறு. அவர்கள் கிறிஸ்தவர்கள். நவம்பர் மாசம் கல்லறைத் திருநாள் அன்றைக்குக் கல்லறைக்குச் சுண்ணாம்பு அடித்து, பூப்போட்டு, மெழுகுவத்தி ஏற்றுவார்கள். மாமனார், மாமியார் பேர் எழுதிய சிலுவையில் கீழே கொஞ்சம் இடம் காலியாக இருக்கிறது. ஆரோக்கியராஜ் வருஷா வருஷம் பெயிண்டும் பிரஷ்ஷுமாக நின்று, "தம்பி பேர எழுதிடட்டுமாம்மா?" என்று கேட்பார். நல்ல மனுஷன். பேர் எழுதினால்தான் தம்பிக்காக ஒரு பூசை வைக்கலாம், ஒரு மெழுகுவத்தி ஏற்றலாம் என்று அவருக்கு. அக்கா ஒவ்வொரு வருஷமும் வேண்டாம் என்று தலையாட்டுவாள். "உயிரோட இருக்கறவன் பேர அங்க எழுதுவாங்களா மாமா?" என்பாள். அவர் பிரஷ்ஷைக் கழுவிவிட்டுப் போய்விடுவார்.

உயிரோடு இருக்கிறான் என்று அவளுக்கு எப்படித் தெரியும்? அங்கேதான் அந்தப் படம் வருகிறது.

"பனிக்கோள்" என்று போஸ்டரில் பேர் போட்டிருந்ததாம். இரண்டாம் பாகம். முதல் பாகம் திண்டிவனத்துக்கு வரவே இல்லை. அதைப்பற்றி யாரும் கவலைப்படவும் இல்லை. சென்னை, பாண்டிச்சேரி, கடலூர் எல்லாம் சுற்றி அடிபட்டுத் தேய்ந்த பிரிண்ட் கடைசியில் இங்கே வந்தது. எல்லாம் இங்கிலீஷ். ஒரு வார்த்தை யாருக்கும் புரியாது. அக்கா ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடித்து, சின்னதுரை அப்போது வேலை செய்துகொண்டிருந்த தியேட்டருக்குப் போய்ப் பார்த்தாள். சாப்பாட்டு நேரத்தில் அந்தக் கதையை எனக்கு எத்தனையோ தரம் சொல்லியிருக்கிறாள். எனக்கே மனப்பாடம்.

எங்கேயோ பனி மூடிய ஓர் உலகம். அங்கே நம்மைப் போல ஆட்கள் குடியேறி இருக்கிறார்கள். ஒரு மெக்கானிக், அவன் பெண்டாட்டி. ஒரு பெரிய கப்பல் கெட்டுப்போய் ஊர்மேல் விழப் பார்க்கிறது. மெக்கானிக் ஏறிப்போய் அதைத் திருப்பிவிடுகிறான். ஊர் பிழைத்துக்கொள்கிறது. கப்பல் அவனோடு எங்கோ போய்விடுகிறது. பெண்டாட்டி ரேடியோ முன்னால் உட்கார்ந்து அவன் குரலுக்காகக் காத்திருக்கிறாள். குரல் வருகிறது, குறைகிறது, நின்றுபோகிறது. இவள் உட்கார்ந்தே இருக்கிறாள். தலை நரைக்கிறது. ஒருநாள் ரேடியோவை அணைத்துவிட்டு எழுந்து போகிறாள்.

"அதோட முடிஞ்சிடுச்சினு நெனச்சேன் அருணா. அப்போ பாரு, கதவு தொறக்குது. பூட்ஸ்ல இருக்கற பனிய ஒதறிட்டு அந்தாளு உள்ள வர்றான். அவ ஒண்ணுமே பேசல. தட்டு வெச்சி சோறு போடறா. அவன் துன்றான். அவ அவன் தல மேல கைய வெச்சிக்கினு நிக்கிறா. அதோட படம் முடியுது."

பம்பாய்க்குக் கிளம்பிய அன்று, திண்டிவனம் ஸ்டேஷனில், ரயில் நகரும்போது சின்னதுரை சொன்னது ஒன்றே ஒன்றுதான். "அந்தப் படத்துல வந்தான் இல்ல? அது மாதிரி வந்து கதவத் தட்டறேன், பாரு."

இதை நம்பிக்கொண்டு ஒருத்தி இத்தனை காலம் உட்கார்ந்திருப்பாளா என்று கேட்பீர்கள். நானும் கேட்டேன். உட்கார்ந்திருந்தாள்.

போன அக்டோபரில், கடைக்கு எதிரே சுவரில் ஒரு போஸ்டர் ஒட்டினார்கள். பழைய படங்களைச் சுத்தம் செய்து, பளபளவென்று ஆக்கி, மறுபடி தியேட்டரில் விடுவது இப்போது ஒரு மோஸ்தர். பனி, ஒரு கப்பல், ஒரு பெண்ணின் முகம். "பனிக்கோள் - இரண்டாம் பாகம். ஹெச்டி தரத்தில், முதன்முறையாகத் தமிழில்." அக்கா சாலையைக் கடந்துபோய் அதன் முன்னால் நின்றாள். ஒரு பஸ் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தது. அப்புறம் திரும்பிவந்து, "தமிழ்ல பேசறாங்களாம் அருணா. அவன் உள்ள வந்து இன்னா சொல்றான்னு இத்தினி வருசமா எனக்குத் தெரியாது. இப்போ தெரிஞ்சிடும்" என்றாள். அவளை அவ்வளவு சந்தோஷமாக நான் பார்த்ததில்லை. என்னையும் கூப்பிட்டாள். தலைவலி என்று சொல்லிவிட்டேன்.

அடுத்த நாள் நல்ல புடவை கட்டிக்கொண்டு மதியக் காட்சிக்குத் தனியாகப் போனாள். சாயங்காலம் பில் போடும் நேரத்தில் எனக்கு ஒரு போன்.

"அருணா அக்காங்களா? தியேட்டர் மேனேஜர் மணிமாறன் பேசறேங்க. இங்க ரோஜான்னு ஒரு அம்மா உங்க நம்பர் குடுத்தாங்க. கொஞ்சம் ஜல்தியா வர்றீங்களா? பேஜாரா போச்சுங்க."

பில்லை அப்படியே விட்டுவிட்டு ஓடினேன். தியேட்டர் வாசலில் சின்னக் கூட்டம். நடுவில் அக்கா. சத்தமாகப் பேசத் தெரியாதவள், தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்தாள்.

"ஆப்பரேட்டரு யாரு? அவர இட்டாங்க மொதல்ல!"

"ஆப்பரேட்டரே கெடயாதும்மா. பொட்டில ஏத்திட்டா அதுவே ஓடும்" என்றார் மணிமாறன். முப்பது வயசுதான் இருக்கும், பாவம், வியர்த்து வழிந்துகொண்டிருந்தது.

"அப்போ ஏத்தறப்பவே மாத்தி ஏத்திட்டீங்க. அவன் வூட்டுக்கு வர்றது கடைசிலதான் வரணும். நீங்க மொதல்லயே போட்டுட்டீங்க. கடைசில ஒண்ணுமே இல்லாம லைட்ட போட்டுட்டீங்க. ரீலு மாறிப்போச்சு. எங்க வூட்டுக்காரரு ஆப்பரேட்டரு, எனக்குத் தெரியாதா?"

"இதுல ரீலே இல்லம்மா."

யாரோ சிரித்தார்கள். மணிமாறன் சிரிக்கவில்லை. அவர் போனை எடுத்து எதையோ தேடிக் காட்டினார். "பாருங்கம்மா, ஒலகம் பூரா இப்பிடித்தான் ஓடுது."

"திண்டிவனத்துல இப்பிடி ஓடலியே!" என்றாள் அக்கா.

எனக்கும் சிரிப்பு வந்தது, அப்போது. அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வெளியே வந்தேன். எதிர் டீக்கடையில் உட்காரவைத்தேன். டீ ஆறிப்போய் ஆடை கட்டியது. பிறகு மெதுவாகச் சொன்னாள்.

"அவ முடி கருப்பா இருந்திச்சு அருணா."

"யாரு முடி?"

"அவன் பொண்டாட்டி முடி. அவன் உள்ள வர்றப்போ. அப்பல்லாம் படம் மழ பெய்யற மாதிரி கோடு கோடா ஓடும். மொகம் தெரிஞ்சாலே பெரிசு. இப்போ பளிச்சினு தெரியுது. அவ போட்டிருந்தது பழுப்புனு நெனச்சிக்கினு இருந்தேன். பழுப்பு இல்ல, பாசிப்பச்ச. தோள்ல ஒட்டுத் துணி வெச்சித் தெச்சிருக்கறதுகூடத் தெரியுது. தலையில ஒரு நரை இல்ல. சின்னப் பொண்ணு. கடைசில ரேடியோவ அமுக்கிட்டுப் போறப்போ முழுக்க வெள்ள. அப்போ அவன் வந்தது முன்னாடிதான? நரைக்கறதுக்கு முன்னாடி?"

டீ கிளாஸை நகர்த்திவைத்துவிட்டு அவளே தொடர்ந்தாள்.

"அவன் இன்னா சொல்றான்னு கேட்டேன். தமிழ்ல. துன்னுக்கினே சொல்றான், விடிகாலைல கெளம்பணும்னு. அதுக்குத்தான் அவ தல மேல கைய வெக்கிறா."

"இதெல்லாம் தெரிஞ்சிமா அந்தப் பையன்கிட்ட சண்ட போட்ட?"

"ஆமாம்மா, மாத்தித்தான் போட்டுட்டோம்னு யாருனா சொல்லிட மாட்டாங்களானு பாத்தேன்."

அதற்குமேல் என்னால் அவளைத் திட்ட முடியவில்லை. ஸ்டேஷன்வரை கூடவே போய் ரயில் ஏற்றிவிட்டேன். எங்கள் வீட்டில் தங்கு என்றால் கேட்கவில்லை. மறுநாள் கடைக்கு வந்தாள். வழக்கம்போல நின்றாள். மதியம், டப்பாவைத் திறக்காமலேயே, "நேத்து கதவத் தொறந்தேன், வந்துட்டேன்னு சொல்ல வாய் வரல" என்றாள். அன்றைக்கு அவள் கொடுத்த பிளவுஸ் பிட் இரண்டு, நிறம் சேரவில்லை என்று திரும்பி வந்தன. அப்படி நடந்து நான் பார்த்ததே இல்லை.

அவளுக்கு ஒன்றுதான் விளங்கவில்லை. அப்படியென்றால் திண்டிவனத்தில் எப்படிக் கடைசியில் வந்தது? அவள் கண்ணால் பார்த்தது பொய்யா? அந்த ஞாயிற்றுக்கிழமை நானும் அவளோடு திண்டிவனம் போனேன். பெரிய ஆப்பரேட்டராக இருந்த தாண்டவராயன் இன்னும் இருக்கிறார் என்று கேள்விப்பட்டிருந்தாள். ஒரே ஊரில் இருந்தும் இத்தனை வருஷத்தில் அவரை ஒரு தரம்கூடப் போய்ப் பார்க்கவில்லை. தியேட்டரை இடித்துவிட்டார்கள், போய் என்ன பேசுவது என்று விட்டிருந்தாளாம்.

அவர் மகன் வீட்டு மாடிப்படிக்குக் கீழே நாற்காலி போட்டு, அவித்த மல்லாட்டையை, வேர்க்கடலையைத்தான், உரித்துத் தின்றுகொண்டிருந்தார். கண் சரியாகத் தெரியாது. பேர் சொன்னதும் தெரிந்துகொண்டார்.

"சின்னதொர பொண்டாட்டியா? வாம்மா. அவன் சேதி எதுனா தெரிஞ்சிதா?"

"இல்லண்ணே" என்றாள் அக்கா. படத்தைப் பற்றிக் கேட்டாள். அவர் மல்லாட்டையைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார், நெஞ்சு குலுங்க.

"அத ஏம்மா கேக்கற! வெள்ளிக்கெழம மொத ஷோ. கடைசில அந்தப் பொம்பள ரேடியோவ அமுக்கிட்டு எழுந்து போயிடறா, படம் அவ்ளோதான். ஜனங்க எழுந்திரிக்கல. இன்னும் இருக்குதுன்னு ஒக்காந்துனே இருக்குது. லைட்டப் போட்டதும் பெஞ்ச ஒடச்சிட்டாங்க. அவன் எங்கடா, அவன இட்டாங்கடானு ஒரே கூச்சல். ஈரோ வூட்டுக்கு வரலன்னா நம்ம ஆளுங்க வுடுவாங்களா?"

"அதுக்காவ மொதலாளி மாத்தச் சொன்னாரா?"

"அரங்கநாதன் மொதலாளியா? அவரு திங்கக்கெழம வேற படம் பாத்துக்கலாம்னு சொல்லிட்டுத் தூங்கப் போயிட்டாரு. மாத்தனது உன் வூட்டுக்காரன்தான். நானே வாணாம்டான்னேன். 'அண்ணே, ஞாயித்துக்கெழம பூச முடிச்சிட்டு ரோஜா வர்றேன்னு சொல்லிக்கீறா. இதப் பாத்தான்னா மூணு நாளைக்கிச் சோறு துன்ன மாட்டா'ன்னான். சனிக்கெழம காலைல ஒக்காந்தான். முன்னாடி வர்ற அந்த வூட்டு சீன அப்பிடியே வெட்டி எடுத்தாந்து கடைசில ஒட்டிட்டான். இங்கிலீசுதான, யாருக்குப் புரியப் போவுது? ஜனங்க விசிலடிச்சிக்கினு போச்சி. மொதலாளி வாயே தொறக்கல. படம் மூணு வாரம் ஓடிச்சி."

அக்கா அவருக்கு இன்னும் பக்கத்தில் போய் நின்றாள்.

"கம்பெனிக்காரன் பாத்தா வம்பாயிடும்டான்னேன்" என்று அவர் தொடர்ந்தார். "போறப்ப சரி பண்ணிடறேண்ணேன்னான். சொன்ன மாதிரியே, படப் பெட்டி கெளம்பற அன்னிக்கி மறுபடி வெட்டி, இருந்த எடத்துலயே ஒட்டி அனுப்பிட்டான். ஒட்டு தெரியாம ஒட்டுவான். அதுல அவன் கெட்டிக்காரன்."

"அவரே திருப்பி ஒட்டுனாரா?"

"அவனேதான்."

திரும்பும் வழியில் அக்கா எனக்கு முன்னால் வேகமாக நடந்தாள். ரயில்வே கேட் மூடியிருந்தது. அங்கே நின்றபோதுதான் வாயைத் திறந்தாள்.

"தெரிஞ்சிக்கினேதான் சொல்லிக்கீறான் அருணா. அந்தாளு வரலன்னு அவனுக்குத் தெரியும். அவன் கையாலதான வெட்டுனான். தெரிஞ்சிக்கினே, அந்தப் படத்துல வந்தான் இல்ல, அது மாதிரி வர்றேன்னு எங்கிட்ட சொல்லிட்டு ரயில் ஏறிக்கீறான். நான் ஒரு பைத்தியக்காரி..."

சொல்லிவிட்டு அழுதாள். அவள் அழுது நான் பார்த்தது அதுதான் முதல் தரம். சரக்கு ரயில் ஒன்று போய்க்கொண்டே இருந்தது. அது போகிறவரை அழுதாள். எனக்கு அந்தச் சின்னதுரைமேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. பொய் சொல்ல வேறு விஷயமே கிடைக்கவில்லையா அவனுக்கு? கூடவே, உண்மையைச் சொன்னால் என்ன, கொஞ்சம் பொறாமையும் வந்தது. பெண்டாட்டி மூணு நாள் சாப்பிடமாட்டாள் என்று ஒருத்தன் படத்தையே மாற்றியிருக்கிறான். என் வீட்டுக்காரர் எனக்காக டிவியில் சேனலைக்கூட மாற்றியதில்லை.

அதைச் சொன்னேன். அக்கா முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, அழுகையோடேயே சிரித்தாள். கேட் திறந்தது. "வா, ஒரு வாய் காப்பி குடிச்சிட்டுப் போ" என்று வீட்டுக்குக் கூட்டிப்போனாள். அத்தனை வருஷப் பழக்கத்தில் அந்த வீட்டை அன்றைக்குத்தான் பார்த்தேன். ஒரு கட்டில், ஒரு டிவி, மாதா படம், கதவுக்கு நேரே ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. கதவைத் திறந்தபோது அவள் ஒன்றும் சொல்லவில்லை.

கல்லறைத் திருநாளுக்கு என்னையும் வரச் சொன்னாள். எனக்கு அந்தச் சடங்கெல்லாம் தெரியாது, வாசலிலேயே நிற்கிறேன் என்றேன். அவள் விடவில்லை. சாயங்கால வெயிலில் கல்லறைத் தோட்டம் திருவிழா மாதிரி இருந்தது. செவ்வந்தி மாலைகள், ஊதுவத்திப் புகை, புதுச் சுண்ணாம்பு வாசனை, ஒவ்வொரு கல்லறையைச் சுற்றியும் ஒரு குடும்பம். எல்லோரும் தங்கள் ஆட்களோடு இருந்தார்கள். மாமனார், மாமியார் கல்லறை முன்னால் ஆரோக்கியராஜ் கால்சட்டையை மடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தலை நரைத்த பெரிய மனுஷன். சிலுவைக்கு வெள்ளை அடித்துக் காயவைத்து, பழைய எழுத்துகளின் மேல் கறுப்புப் பெயிண்டால் திரும்ப எழுதிக்கொண்டிருந்தார். அப்பா பேர், அம்மா பேர். அதற்குக் கீழே வெள்ளை இடம்.

அக்காவைப் பார்த்ததும் பிரஷ்ஷை டப்பாவில் போட்டுவிட்டு எழுந்தார். இந்த வருஷம் அவர் கேட்கக்கூட இல்லை. சலித்துப்போயிருக்க வேண்டும்.

"கேளுங்க மாமா" என்றாள் அக்கா.

அவர் புரியாமல் பார்த்தார்.

"வருசா வருசம் கேப்பீங்களே, அத கேளுங்க."

அவர் கேட்கவில்லை. பிரஷ்ஷை எடுத்து, டப்பா விளிம்பில் வழித்துவிட்டு, மறுபடி மண்ணில் உட்கார்ந்தார். முதல் எழுத்தை எழுதிவிட்டுக் கண்ணைத் துடைத்தார். கண்ணோரத்தில் பெயிண்ட் பட்டது. சின்னதுரை என்று எழுதி முடிக்க நெடுநேரம் ஆனது. பக்கத்துக் கல்லறையில் ஒரு குழந்தை மெழுகுவத்தியை ஊதி அணைத்துவிட்டு அடி வாங்கியது.

"தேதி இன்னாம்மா போடறது?"

"தேதி வாணாம் மாமா. நமக்குத் தெரியாததை எழுத வாணாம்."

அவர் தலையாட்டினார். கடைசியாக, எல்லாக் கல்லறையிலும் எழுதுவதைப் போல, இறைவனில் இளைப்பாறுங்கள் என்று எழுதுவதற்காக அந்தப் பேருக்கு ஒட்டினாற்போலக் கீழே பிரஷ்ஷைக் கொண்டுபோனார்.

அக்கா குனிந்து அவர் கையைப் பிடித்தாள்.

"அத இன்னும் கீழ எறக்கி எழுதுங்க மாமா. நடுவுல எனக்கு எடம் வுடுங்க."

அவர் பிரஷ்ஷை இரண்டு விரல் அளவு கீழே இறக்கி எழுதினார்.